ரூபாய்னா எந்த ரூபாய்? நாகை – யாழ்ப்பாணம் டே டூரில் போன 38,400

நாகப்பட்டினத்திலிருந்து கப்பல் ஏறி, காங்கேசன்துறையில் இறங்கி யாழ்ப்பாணம் சுற்றிப் பார்க்க நினைக்கிறவர்கள் யாருக்கும் அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன்னால் இதைப் படித்துவிடுங்கள். 6 பேர், 3 நாள் டே டூர், 38,400 ரூபாய். இந்திய ரூபாய். அந்த வார்த்தையை ஏன் அழுத்துகிறேன் என்பது போகப் போகத் தெரியும். என்னென்ன பார்த்துப் பணம் கட்ட வேண்டும் என்பதைக் கடைசியில் வரிசையாக எழுதுகிறேன்.

கடையின் பெயரைப் போடவில்லை. பஸ் டிக்கெட், பிளைட் டிக்கெட், பாஸ்போர்ட் விண்ணப்பம், ஜெராக்ஸ் எல்லாம் ஒரே ஷட்டருக்குள் நடக்கிற டிராவல்ஸ் கடை. 2023 அக்டோபர் 14-இல் கப்பல் தொடங்கி, நடுவில் நின்று, 2024 ஆகஸ்ட் 16-இல் மறுபடி ஓட ஆரம்பித்ததிலிருந்து நாகையில் இந்த மாதிரிக் கடைகள் "யாழ்ப்பாணம் பேக்கேஜ்" என்று போர்டு மாட்டியிருக்கின்றன. எல்லோரும் திருடர் இல்லை. ஆனால் வாசலில் நின்று பார்த்தால் வித்தியாசம் தெரியாது.

கப்பலில் எந்தக் குறையும் இல்லை. டிக்கெட்டை நேரடியாகக் கப்பல் கம்பெனியின் தளத்திலேயே போட்டாயிற்று. சிக்கல் எல்லாம் அந்தப் பக்கம் இறங்கின பிறகு வேன், கைடு, படகு, மதியச் சாப்பாடு என்று இந்தக் கடைக்காரர் விற்ற பேக்கேஜில்தான்.

நம்பினது எந்த இடத்தில் என்று யோசித்துப் பார்த்தால், ஒரு போன் கால்தான். மேஜைக் கண்ணாடிக்கு அடியில் வேளாங்கண்ணி மாதா, நாகூர் தர்கா, சிக்கல் சிங்காரவேலர் மூன்று படமும் இருந்தன. டீ வாங்கி வரச் சொன்னார். "அண்ணே, பெரியவங்களக் கூட்டிட்டுப் போறீங்க, அலைய விடக்கூடாது" என்று சொல்லி, அங்கே இருக்கிற பார்ட்டிக்கு ஸ்பீக்கரில் போன் போட்டார். அந்தப் பக்கம் கனிவான யாழ்ப்பாணக் குரல்: "ஓமோம், ஒரு பிரச்சினையுமில்லை, வாங்கோ. வான் ரெடியா நிக்கும்." அந்த "வாங்கோ"வில் விழுந்ததுதான். ஸ்பீக்கரில் பேசினவர் யார், அவர் நம்பர் என்ன, வண்டி நம்பர் என்ன, எதுவும் கேட்கவில்லை. ஜிபேயில் 38,400 போனது. பணம் போன பெயர் கடைப் பெயர் இல்லை, ஏதோ ஒரு தனி ஆளின் பெயர். "நம்ம மச்சான் நம்பர்தாண்ணே, கடை நம்பர்ல லிமிட் முடிஞ்சிருச்சு" என்றார். கையில் வந்தது ஒரு ஏ4 வவுச்சர். அதில் மொத்தம் "ரூ. 38,400" என்று மட்டும். இந்திய ரூபாயா இலங்கை ரூபாயா என்று ஒரு எழுத்து இல்லை. ஜிஎஸ்டி எண் இல்லை. பான் கார்டும் கேட்கவில்லை. வெளிநாட்டு டூர் பேக்கேஜ் விற்கிறவர் டிசிஎஸ் (விற்கும்போதே வாங்குகிறவரிடம் வசூலிக்கிற வருமான வரி) பிடிக்க வேண்டும், அதற்குப் பான் வாங்க வேண்டும். கேட்காதபோதே மணி அடித்திருக்க வேண்டும்.

இப்போது அந்த வவுச்சரை எடுத்து வைத்துப் பார்த்தால் சிரிப்பு வருகிறது. யாழ்ப்பாணத்தை ஒரு தடவை பார்த்தவன் கூட அப்படி ஒரு திட்டம் போட மாட்டான்.

முதல் நாளையே எடுத்துக்கொள்ளுங்கள். நல்லூர், நூலகம், கோட்டை, அதன் பிறகு கீரிமலை, நகுலேஸ்வரம், திரும்ப யாழ்ப்பாணம் டவுன். கீரிமலை இருப்பது காங்கேசன்துறைக்குப் பக்கத்தில். இறங்கின கையோடு பார்த்துவிட்டு டவுனுக்குப் போவதுதான் முறை. இவர் போட்டபடி போனால் 20 கிலோமீட்டர் டவுனுக்குப் போய், மறுபடி அதே தூரம் வடக்கே வந்து, மறுபடி திரும்ப வேண்டும். தவிர அது முழு நாளும் இல்லை. காலையில் நாகையை விட்டால் கடலில் ஏறத்தாழ 4 மணி நேரம், அப்புறம் குடிவரவு வரிசை, சுங்கம். வெளியே தலை காட்டும்போது மதியம் தாண்டிவிடும். அரை நாளை முழு நாள் விலைக்கு விற்றிருக்கிறார்.

அடுத்தது நல்லூர். நாங்கள் போனது ஆகஸ்ட் மூன்றாம் வாரம், நல்லூர் முருகனின் 25 நாள் திருவிழா நடக்கும்போது. அந்த நாட்களில் கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் வண்டி விட மாட்டார்கள். தடுப்புக்கு வெளியே இறங்கி, செருப்பைக் கழற்றிவிட்டு நடக்க வேண்டும். ஆண்கள் சட்டையைக் கழற்றித்தான் உள்ளே போக முடியும். யாழ்ப்பாணத்தில் சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த விஷயம். வவுச்சரில் "கோயில் வாசலில் டிராப்" என்று போட்டிருக்கிறது. முழங்கால் வலிக்காரர்கள் இரண்டு பேரை அந்த வரியை நம்பித்தான் கூட்டிப்போனோம்.

"தமிழ் பேசும் கைடு" என்று தனி வரி வேறு. யாழ்ப்பாணத்தில் தமிழ் பேசும் கைடுக்குக் காசு வாங்குவது, கும்பகோணத்தில் காபி குடிக்கத் தெரிந்த ஆள் என்று சொல்லிச் சம்பளம் கேட்கிற மாதிரி. இலங்கையில் கைடுகளுக்குச் சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபை உரிமம் கொடுக்கிறது. நாடு முழுக்கப் போகிறவர், ஓட்டுநராகவே இருந்து வழிகாட்டுகிறவர், ஒரு வட்டாரத்துக்கு மட்டும், ஒரே இடத்துக்கு மட்டும் என்று வகை வகையாக அடையாள அட்டை உண்டு. எங்களுக்கு வந்தது டிரைவர் ஒருவர் மட்டும். அட்டையும் இல்லை, அவர் கைடு என்று சொல்லிக்கொள்ளவும் இல்லை. 1981-இல் எரிக்கப்பட்ட நூலகத்தின் முன்னால் வண்டியை நிறுத்தி, "லைப்ரரி. இறங்கிப் பாருங்கோ, நான் இஞ்ச நிக்கிறன்" என்றார். அவரைக் குறை சொல்லவில்லை, நல்ல மனிதர். அவர் வேலை வண்டி ஓட்டுவது.

இரண்டாம் நாள்தான் உச்சம். நெடுந்தீவு, நயினாதீவு இரண்டும் ஒரே நாளில். இரண்டுக்கும் படகு ஏறுமிடம் குறிகட்டுவான் இறங்குதுறை. யாழ்ப்பாணம் டவுனிலிருந்து வேலணை, புங்குடுதீவு வழியாகக் கடலுக்கு நடுவே போட்ட பாலத் தெருவில் ஒரு மணி நேர ஓட்டம். நயினாதீவுக்குப் படகு அடிக்கடி உண்டு, கால் மணி நேரத்தில் அக்கரை, கட்டணமும் சில்லறைக் காசுதான். நெடுந்தீவு அப்படி இல்லை. சுமார் ஒரு மணி நேரக் கடல், படகுகளும் குறைவு. காலைப் படகை விட்டால் அந்த நாள் போச்சு. போய் இறங்கினாலும் பவளக்கல் மதில்கள், காட்டுக் குதிரைகள், பெருக்க மரம் என்கிற பாவோபாப், கோட்டை எல்லாம் ஆளுக்கொரு மூலையில் கிடக்கின்றன. அங்கே தனியாக ஆட்டோ பேச வேண்டும். வவுச்சரில் அந்த ஆட்டோ பற்றிப் பேச்சே இல்லை.

எங்கள் வேன் ஹோட்டல் வாசலுக்கு வந்தது 8:40-க்கு. விடியற்காலை ஒரு கலியாண வீட்டு ஓட்டம் முடித்துவிட்டு வந்தார் டிரைவர். குறிகட்டுவானில் நாங்கள் இறங்கியபோது நெடுந்தீவுப் படகு கிளம்பிப் போயிருந்தது. தனிப் படகு பேசலாம் என்று கேட்டால், அது வேனின் ஒரு நாள் வாடகைக்கு மேலே. அதுவும் சோளகக் காற்று (தென்மேற்குக் காற்று) அடிக்கிற நேரம், "வயசானவையோட வேண்டாம்" என்று படகுக்காரரே சொல்லிவிட்டார். நயினாதீவு நாகபூசணி அம்மனை மட்டும் கும்பிட்டுவிட்டுத் திரும்பினோம். மணிமேகலையைத் தெய்வம் புகாரிலிருந்து தூக்கிக்கொண்டு போய் இறக்கின மணிபல்லவம் இதுதான் என்று சொல்லுவார்கள். தெய்வம் வவுச்சர் கொடுக்கவில்லை, ஆனால் சொன்ன இடத்தில் இறக்கிவிட்டது.

"மதியச் சாப்பாடு உள்பட" என்ற வரியும் பொய். டிரைவருக்கு அப்படி யாரும் சொல்லியனுப்பவில்லை. நாங்களே கட்டினோம்.

திரும்பும் வழியில் டிரைவர் வாயைத் திறந்தார். "அண்ணை, எனக்கு இருபதினாயிரந்தான் போட்டவர். மூண்டு நாளெண்டு ஆரும் சொல்லேல்லை." இருபதினாயிரம் இலங்கை ரூபாய். அப்போது நம் ஒரு ரூபாய்க்கு அங்கே சுமார் மூன்றரை ரூபாய். ஆக, நம் காசில் 5,700. நாங்கள் கட்டின 38,400-இல் கடலைத் தாண்டினது 5,700 மட்டும். மீதி 32,700 நாகையிலேயே இறங்கிக்கொண்டது. இரண்டு நாள் ஓட்டத்துக்கே அந்த 5,700 பற்றாத காசு. அதனால்தான் மனிதர் விடியற்காலையில் வேறு ஓட்டத்துக்குப் போனார், அதனால்தான் படகு போனது.

மூன்றாம் நாள் வேன் வரவில்லை. நாங்களே ஹோட்டலில் சொல்லி ஒரு வேன் பிடித்தோம். முழு நாள், 6 பேர், காரைநகர் கசூரினா கடற்கரை வரை போய் வர 18,000 இலங்கை ரூபாய். நம் காசில் 5,150. இதே கணக்கில் மூன்று நாளைக்கும் நேரடியாகவே பிடித்திருந்தால் 15,500-க்குள் வேன் செலவு முடிந்திருக்கும். 38,400 எங்கே, இது எங்கே.

இனி, திரும்பி வந்த பிறகு கேட்ட பதில்கள். முதல் நாள்: "அண்ணே, கடல் சரியில்ல, அது இயற்கை, நாங்க என்ன பண்றது?" படகு போனது அண்ணே, நாங்கள்தான் போகவில்லை என்று சொன்னேன். இரண்டாம் நாள்: "அந்தப் பக்கத்துப் பார்ட்டி போன எடுக்க மாட்டேங்கிறாரு." ஸ்பீக்கரில் "வாங்கோ" சொன்ன அதே பார்ட்டி. அப்புறம் பேமென்ட் ஸ்கிரீன்ஷாட் கேட்டார், அனுப்பினேன். மறுநாள் மறுபடி கேட்டார், அனுப்பினேன். மூன்றாவது தடவை கேட்டபோது நேரில் போனேன். கடைப் பையன் மட்டும் இருந்தான். "வேளாங்கண்ணி கொடி ஏறிருச்சு சார், ஓனர் அங்க இருக்காரு, பெரிய தேர் முடியட்டும்." பெரிய தேர் முடிந்தது. கொடியும் இறங்கியது. ஓனர் மட்டும் இறங்கவில்லை. வாட்ஸ்அப்பில் நீல டிக் மட்டும் உடனே விழும்.

கடைசியில் நுகர்வோர் கோர்ட்டுக்குப் போகிறேன் என்று மெசேஜ் போட்டதும் பத்து நிமிஷத்தில் போன். குரலில் அதே தேன். "அண்ணே, நமக்குள்ள எதுக்கு இதெல்லாம். நெடுந்தீவுக்கும் மூணாம் நாளுக்கும் சேத்து 6,000 ரூபா போட்டு விடுறேன், முடிச்சுக்குவோம்." பெரிய நஷ்டம்தான், வந்தவரை லாபம் என்று சரி சொன்னேன். அரை மணி நேரத்தில் ஜிபே சத்தம் வந்தது. பார்த்தால் 1,714 ரூபாய். கீழே குறிப்பு: "6000 எல்.கே.ஆர். செட்டில்டு."

வாங்கும்போது இந்திய ரூபாய். கொடுக்கும்போது இலங்கை ரூபாய். வவுச்சரில் வெறும் "ரூ." இருந்ததன் ரகசியம் இதுதான். கை தவறி விட்டது என்று நான் நினைக்கவில்லை. 38,400 கொடுத்தவனுக்கு 1,714 போட்டுவிட்டு "செட்டில்டு" என்று எழுதத் தெரிகிறவருக்கு "இந்திய" என்று எழுதத் தெரியாதா?

வரிசையாக எழுதுகிறேன் என்றேன். இருக்கிற எரிச்சலில் முடிந்தவரை சொல்கிறேன்.

வவுச்சரில், வாட்ஸ்அப்பில், எங்கே தொகை வந்தாலும் "இந்திய ரூபாய்" என்று எழுத வையுங்கள். திருப்பித் தருகிற தொகை பேசும்போதும் அதே. ஜிபே பெயரும் கடைப் பெயரும் ஒன்றாக இல்லாவிட்டால் எழுந்து வந்துவிடுங்கள். அங்கே வண்டி ஓட்டப்போகிறவரின் பெயர், நம்பர், வண்டி எண் கையில் வராமல் பாதிக்கு மேல் கட்டாதீர்கள். அவருக்கு நீங்களே ஒரு போன் போட்டு எத்தனை நாள், எத்தனை பேர், சாப்பாடு யார் கணக்கு என்று கேளுங்கள். நெடுந்தீவு திட்டத்தில் இருந்தால் முந்தின நாளே படகு நேரம் விசாரித்து, விடிந்ததும் கிளம்புங்கள். நயினாதீவையும் அதோடு சேர்க்கிறேன் என்பவரிடம் காலைப் படகு எத்தனை மணிக்கு என்று கேட்டுப் பாருங்கள், முகத்திலேயே தெரிந்துவிடும்.

ஏமாந்துவிட்டால் நுகர்வோர் உதவி எண் 1915. பணம் ஆன்லைனில் போய் அன்றைக்கே ஏமாற்று என்று தெரிந்தால் 1930. மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் 5 லட்சம் வரைக்கும் மனுவுக்குக் கட்டணம் இல்லை, நீங்கள் குடியிருக்கிற மாவட்டத்திலேயே போடலாம், கடை இருக்கிற ஊருக்கு அலைய வேண்டாம். 2 வருஷத்துக்குள் போட வேண்டும். அந்த 1,714-ஐ ஏற்றுக்கொள்ளவில்லை என்று உடனே எழுத்தில் பதில் போட்டுவிட்டேன். நீங்களும் இப்படி ஏதாவது வந்தால் சும்மா இருக்காதீர்கள், பிறகு அதையே சம்மதம் என்று காட்டுவார்கள்.

நேற்று இரவு அவர் ஸ்டேட்டஸில் புதுசாக ஒன்று ஓடுகிறது. திருக்கார்த்திகைக்கு யாழ்ப்பாணம், 3 நாள் டே டூர், கப்பல் டிக்கெட்டோடு, நபருக்கு 7,999 "ரூ.", சீட் குறைவு, முன்பணம் பாதி. 2023-இல் அக்டோபரில் தொடங்கின கப்பல் மழைக்குச் சில நாளிலேயே நின்றது. 2024-இல் நவம்பரில் நின்றது, 2025 பிப்ரவரியில்தான் திரும்ப ஓடியது. கார்த்திகை மாதத்தில் எந்தக் கப்பலில் ஏற்றப்போகிறார் என்று முன்பணம் கட்டுவதற்கு முன் கேட்டுவிடுங்கள்.