ஆறாண்டுத் திரைவாழ்வு: டேனிஷ் மௌனப்பட இணையதளத்தில் வால்டெமார் ப்சிலாண்டர்

நூறாண்டுக்கு முந்தைய நடிகர் ஒருவரைப் பற்றிப் படிப்பது எளிது; அவர் நடித்ததைப் பார்ப்பதுதான் அரிது. டென்மார்க்கின் வால்டெமார் ப்சிலாண்டரைப் பொறுத்தவரை அந்தக் குறையைப் பெருமளவுக்குத் தீர்த்திருக்கிறது, டேனிஷ் திரைப்படக் கழகம் நடத்தும் ஸ்டும்ஃபில்ம்.டிகே என்ற இணையதளம். அந்நாட்டில் எஞ்சியிருக்கும் மௌனப் படங்களை எண்ணிம வடிவுக்கு மாற்றி, உலகின் எந்த மூலையிலிருந்தும் கட்டணமின்றிப் பார்க்கும்படி அது வைத்திருக்கிறது. தளத்துக்கு ஆங்கிலப் பதிப்பும் உண்டு. டேனிஷ் மொழியில் ஓரெழுத்தும் அறியாத நான், ஏறத்தாழ மூன்று வாரங்கள், இரவுக்கொரு படமாக, ப்சிலாண்டரின் படங்களை அவை எடுக்கப்பட்ட வரிசையிலேயே பார்த்தேன். இந்த மதிப்புரை அந்த மூன்று வாரங்களின் பயன்.

ப்சிலாண்டர் 1884இல் கோபன்ஹேகனில் பிறந்தவர். இளவயதிலேயே நாடக மேடையேறியவர் என்றாலும் அங்கே முதல் வரிசைக்கு வரவில்லை. 1910இல் சினிமாவுக்கு வந்தார். 1911இல் நார்டிஸ்க் என்ற டேனிஷ் படத்தயாரிப்பு நிறுவனத்தில் சேர்ந்தார். 1916 முடிய 80க்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். 1917 மார்ச் 6ஆம் நாள், 33 வயது நிறைவதற்கு இரண்டு மாதங்கள் இருக்கையில் இறந்துபோனார். இதயக் கோளாறு என்றார்கள், தற்கொலை என்ற வதந்தியும் பரவியது. அந்த வதந்தியைக் கிளறுவதில் எனக்கு விருப்பமில்லை. அவர் செய்துவிட்டுப் போன வேலை கண்முன்னே இருக்கும்போது, அவர் செத்த விதத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருப்பது அவருக்கு இழைக்கும் அநீதி என்றே கருதுகிறேன்.

இந்தத் தளத்தின் தலையாய சிறப்பு படச்சுருளின் தரம். மௌனப் படம் என்றதும் நம் நினைவுக்கு வருவது கோடுகள் விழுந்து, முகங்கள் வெளுத்து, மனிதர்கள் விடுவிடுவென்று ஓடும் காட்சிதான். இங்கே அப்படி இல்லை. நார்டிஸ்க் படங்கள் பலவற்றுக்கு, திரையரங்குகளைச் சுற்றிவந்து தேய்ந்த பிரதிகள் அல்லாமல், கேமராவில் ஓடிய மூல நெகட்டிவ்களே பாதுகாக்கப்பட்டிருப்பதால், அவற்றிலிருந்து எடுத்த படம் வியக்கத்தக்க கூர்மையோடு இருக்கிறது. சுவர்த்தாளின் பூவேலையும் மேலங்கியின் மடிப்பும் தெரிகின்றன. ப்சிலாண்டர் விஷயத்தில் இது வெறும் கண்ணுக்கு விருந்து என்ற அளவில் நின்றுவிடவில்லை. 1911இன் டேனிஷ் படங்களில் அண்மைக் காட்சி (க்ளோசப்) அரிது. கேமரா தள்ளியே நின்று, நடிகரின் முழு உருவையும் அறையோடு சேர்த்து, வெட்டாமல் நெடுநேரம் பார்த்துக்கொண்டிருக்கும். தேய்ந்த பிரதியில் அந்தத் தொலைவிலிருந்து தெரிவது ஓர் உடலசைவு மட்டுமே. இங்கே கண் எங்கே திரும்புகிறது என்பது வரை தெரிகிறது. அவருடைய நடிப்பு பெரும்பாலும் அங்கேதான் இருக்கிறது.

தொடங்க வேண்டிய படம் ஆகஸ்ட் ப்ளோம் இயக்கிய ‘சிறைவாசலில்’ (வெத் ஃபெங்ஸ்லெட்ஸ் போர்ட், 1911). வட்டிக்காரனிடம் கடன்பட்டு, தாயின் பணத்தையே எடுக்கத் துணியும் வசதியான வீட்டுப் பிள்ளையின் கதை. அந்த வட்டிக்காரனின் மகளிடமே மனத்தையும் பறிகொடுக்கிறான். கதை பழையது, முடிவை முன்பே ஊகித்துவிடலாம். ஆனால் 1910ஐ ஒட்டித்தான் டென்மார்க்கில் கால்மணிநேரப் படங்களின் இடத்துக்கு முக்கால் மணிநேரம் ஓடும் படங்கள் வந்தன என்பதை நினைவில் வைத்துப் பார்த்தால், ப்சிலாண்டருக்குக் கிடைத்த வாய்ப்பின் அளவு விளங்கும். முதன்முறையாக ஒரு திரை நடிகருக்குத் தயங்குவதற்கு நேரம் கிடைத்தது. அவர் அந்த நேரத்தைக் கைவீச்சிலும் மார்பில் அடித்துக்கொள்வதிலும் செலவழிக்கவில்லை. நின்றார், யோசித்தார், பிறகு நகர்ந்தார். உடன் நடிப்பவர்கள் மேடையின் கடைசி வரிசைக்குத் தெரிய வேண்டுமே என்று நடிக்கையில், இவர் மட்டும் அறைக்குள் இருப்பவரைப் போல இருக்கிறார். இந்த ஒரே படம் அவரை நாடறிந்த நட்சத்திரமாக்கியதில் எனக்கு வியப்பில்லை.

அதே ஆண்டில் ஊர்பன் காட் இயக்கிய ‘கருப்புக் கனவு’ படத்தில் அவர் புகழ்பெற்ற டேனிஷ் நடிகை ஆஸ்டா நீல்சனோடு நடித்தார். நீல்சன் சர்க்கஸ் குதிரைக்காரி, இவர் அவளைக் காதலிக்கும் பிரபு. உள்ளதைச் சொன்னால், இந்தப் படத்தில் ப்சிலாண்டர் இரண்டாம் இடத்தில்தான் இருக்கிறார். நீல்சன் சட்டகத்துக்குள் வந்துவிட்டால் வேறெவரையும் பார்க்க முடிவதில்லை. 1912, 1913ஆம் ஆண்டுகளில் வந்த பல படங்களை விரைந்து கடந்துவிடலாம். மாத இதழ்த் தொடர்கதை போல ஒரே அச்சில் வார்த்தவை அவை, பிரபு, கடன், துரோகம், மன்னிப்பு என்று சுற்றிச் சுற்றி வருபவை. ஆனால் அவற்றை ஏற்றுமதி செய்துதான் நார்டிஸ்க் வளர்ந்தது. ஜெர்மனியில் ப்சிலாண்டருக்குப் பெரும் ரசிகர் கூட்டம் இருந்தது. ரஷ்யாவில் ‘காரிசன்’ என்ற வேறு பெயரிலேயே அவரைக் கொண்டாடினார்கள்.

நேரம் ஒதுக்கி, விளக்கணைத்துப் பார்க்க வேண்டியது ஹோல்கர்-மாட்சன் இயக்கிய ‘நற்செய்தியாளரின் வாழ்க்கை’ (இவாங்கேலியமான்டன்ஸ் லீவ், 1915). செல்வக் குடும்பத்தில் பிறந்து, கேளிக்கையில் மூழ்கி, சிறைவரை போய்வந்து போதகராக மாறிய ஒருவர், வழிதவறும் இளைஞன் ஒருவனை மீட்பதற்காகத் தன் கதையைச் சொல்கிறார். ஊதாரி இளைஞன், சிறைக்கைதி, வயது கூடிய போதகர் என்ற மூன்று நிலைகளையும் ப்சிலாண்டர் ஒருவரே தாங்குகிறார். ஒப்பனையை விட முதுகும் நடையும்தான் வயதைக் காட்டுகின்றன. மாரியஸ் கிளாவ்சனின் ஒளிப்பதிவில் சிறைக் காட்சிகளின் இருளும் வெளிச்சமும் இன்றைக்கும் எவரையும் நிறுத்திப் பார்க்கவைக்கும். ப்சிலாண்டரின் படங்களில் ஒன்றே ஒன்றைத்தான் பார்ப்பேன் என்பவர்களுக்கு இதையே பரிந்துரைப்பேன்.

ஆ. வி. சான்ட்பர்க் இயக்கிய ‘கோமாளி’ (க்ளோவ்னென்) ப்சிலாண்டர் இறந்த பிறகு, 1917இல் திரைக்கு வந்தது. சிறு சர்க்கஸ் ஒன்றில் தொடங்கிப் பெரும்புகழ் அடைந்து, மனைவியைப் பிறரிடம் இழந்து, எல்லாவற்றையும் இழக்கும் கோமாளி ஜோ ஹிக்கின்ஸ். மாவு பூசிய முகத்தில் புருவமும் உதடும் முன்பே வரையப்பட்டுவிட்ட நிலையில், நடிப்பதற்கு ப்சிலாண்டருக்கு மிஞ்சியவை கண்கள் மட்டுமே. நான் இதை முதலில் பார்க்கவில்லை, கடைசியில்தான் பார்த்தேன். அதனால்தான் 1911இன் இளைஞன் ஐந்தாறு ஆண்டுகளில் எவ்வளவு தூரம் வந்திருக்கிறார் என்பது நெஞ்சில் உறைத்தது. வரிசை மாற்றிப் பார்க்க வேண்டாம் என்று சொல்வது இதற்காகத்தான். சான்ட்பர்க்கே 1926இல் ஸ்வீடிஷ் நடிகர் கோஸ்டா எக்மனை வைத்து இதை மீண்டும் எடுத்தார். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்கலாம்.

புதிதாக வருபவர்களுக்கு ஒன்றிரண்டு குறிப்புகள். தலைப்புகளைத் தேடும்போது டேனிஷ் பெயரையே இட்டுத் தேடுவது நல்லது. படத்துக்கு இசை இல்லாவிட்டால் வேறு பாட்டை ஓடவிடாதீர்கள். சத்தமில்லாமலே பாருங்கள், பத்து நிமிடத்தில் பழகிவிடும். படங்களோடு வைக்கப்பட்டிருக்கும் கட்டுரைகளையும் விட்டுவிடக் கூடாது.

1916 இறுதியில் ப்சிலாண்டர் நார்டிஸ்க்கிலிருந்து விலகித் தம் பெயரிலேயே சொந்த நிறுவனம் தொடங்கினார். அந்த நிறுவனத்தின் முதல் படம் எடுத்து முடிக்கப்படவேயில்லை. நான் கடைசியாகப் பார்த்தது ‘கோமாளி’தான். அதைப் பார்த்து முடித்த இரவு நான் அடுத்த படத்துக்குப் போகவில்லை. மீண்டும் ‘சிறைவாசலில்’ படத்தின் தொடக்கத்துக்கே போனேன்.