குழாய் வைத்த கண்ணாடிக் குடுவையும் அதில் ஊறிய வெள்ளை சங்ரியாவும்

என் தையல் கடைக்கு அளவு கொடுக்க வருகிறவர்கள் எல்லாரும் ஒரே கேள்விதான் கேட்கிறார்கள்: "ஏனுங்க்கா, இதென்ன மீன் தொட்டியா?" மீன் தொட்டி இல்லை. அடியில் குழாய் வைத்த கண்ணாடிக் குடுவை. மார்ச்சில் ஆன்லைனில் 1,149 ரூபாய் கொடுத்து வாங்கினேன். ஏப்ரல் கடைசியில் பொள்ளாச்சியிலிருந்து அண்ணன் குடும்பம் வரும்போது சங்ரியா, அதாவது பழம் போட்டு ஊற வைக்கிற ஒயின், செய்து தருவதாக என் மகள் போனில் வாக்குக் கொடுத்துவிட்டாள்; அதற்காக வாங்கியது. இரண்டு மாதம் புழங்கியாயிற்று. வாங்கலாமா என்று நாலைந்து பேர் கேட்டுவிட்டதால் எழுதுகிறேன். கம்பெனி பெயர் மட்டும் கேட்காதீர்கள். இதே குடுவையை ஏழெட்டுப் பெயரில் விற்கிறார்கள், பெட்டியில் ஒட்டிய ஸ்டிக்கர்தான் வேறு.

எங்கள் ஊர் கொழிஞ்சாம்பாறை. ஜில்லா பாலக்காடு, கடைத்தெருவில் பேச்சு தமிழ். மேற்கு மலை விட்டுக்கொடுத்த இடைவெளியில் உட்கார்ந்திருக்கிறோம். மார்ச் பிறந்தால் கிழக்கேயிருந்து வருகிற காற்று அடுப்பு வாயைத் திறந்த மாதிரி இருக்கும். குடிக்கிற விஷயத்தில் எங்கள் பக்கத்துக்காரர்களுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. கேரளத்துக் கள்ளுக்கடைகளுக்குப் போகிற கள்ளில் பெரும்பங்கு எங்கள் சித்தூர் தாலுக்காத் தென்னையில் இறக்குவதுதான். அப்படிப்பட்ட ஊரில் வெள்ளை ஒயினில் ஆரஞ்சு வெட்டிப் போட்டுக் கொடுக்கப் போகிறேன் என்றால் என் வீட்டுக்காரர் சிரிக்காமல் என்ன செய்வார்?

மகள் கொச்சியில் ஓட்டல் சமையலறையில் வேலை செய்கிறாள். அவள் சொன்னது: ஸ்பானிய மொழியில் சங்ரே என்றால் ரத்தம். சிவப்பு ஒயினில் செய்வதால் அந்தப் பெயர். 1964-ல் நியூயார்க் உலகக் கண்காட்சியில் ஸ்பெயின் அரங்கில் ஊற்றிக் கொடுத்தார்களாம், அமெரிக்காவில் அது பரவியது அதற்கப்புறம்தான். 2014-ல் ஐரோப்பிய யூனியன் போட்ட விதிப்படி, ஸ்பெயினிலும் போர்ச்சுகலிலும் தயாரித்ததை மட்டும்தான் வெறும் 'சங்ரியா' என்ற பெயரில் விற்கலாம். வெள்ளை ஒயினில் செய்ததற்கு அந்த விதியில் 'கிளாரியா' என்று தனிப் பெயரே இருக்கிறது. அப்படிப் பார்த்தால் நாங்கள் செய்தது சங்ரியாவே இல்லை. இருக்கட்டும், வேலந்தாவளம் செக்போஸ்ட் தாண்டி வந்து யார் கேஸ் போடப் போகிறார்கள்.

சரி, குடுவைக்கு வருகிறேன். 4 லிட்டர் என்று போட்டிருந்தது. 750 மில்லி பாட்டிலால் தண்ணீர் அளந்து ஊற்றினேன். கழுத்து வரைக்கும் 3.6 தான் பிடித்தது. கண்ணாடி நன்றாக இருக்கிறது, தடிமன் போதும், அடியில் ஒரே ஒரு காற்றுக்குமிழி. மூடி இறுக்கமாக உட்காருகிறது. இரும்புக் கம்பி ஸ்டாண்டு ஆடுவதால் ஒரு காலுக்கடியில் கேன்வாஸ் துண்டை மடித்து வைத்திருக்கிறேன், தையல் கடையில் அதற்கா பஞ்சம்.

சனியன் குழாய்தான். பார்க்க ஸ்டீல், தூக்கினால் பிளாஸ்டிக், மேலே பளபளப்புப் பூச்சு. முதல் நாள் ராத்திரி தண்ணீர் நிரப்பி வைத்துவிட்டுப் படுத்தேன். காலையில் மேசை மேல் இருந்த லைனிங் துணி இரண்டு மீட்டர் நனைந்து கிடந்தது. கூடவே வந்த படத்தில் இரண்டு வாஷரையும் வெளிப்பக்கம் போடச் சொல்லியிருந்தார்கள். அது தப்பு. ஒன்று கண்ணாடிக்கு உள்ளே, ஒன்று வெளியே. அப்புறம் நட்டைக் கையாலேயே முறுக்க வேண்டும். ஸ்பானர் போட்டால் மரை போய்விடும், கண்ணாடியும் விரியலாம். உள்வாஷர் ரொம்ப மெல்லிசு என்பதால் மிக்ஸி ஜாருக்குப் போடுகிற வாஷரில் சின்னதாகப் பார்த்து 20 ரூபாய்க்கு வாங்கிச் சேர்த்தேன். அன்றிலிருந்து ஒரு சொட்டு கிடையாது. இதை விற்கிறவன் செய்திருக்க வேண்டும்.

இன்னொன்று: குழாய்த் துளை அடித்தட்டிலிருந்து இரண்டு விரற்கடை உயரத்தில் இருக்கிறது. கடைசி இரண்டு தம்ளர் தானாக வராது, குடுவையைச் சாய்க்க வேண்டும். சர்க்கரையும் பழச்சாறும் போட்ட பானத்தில் நல்ல ருசி அடியில்தான் நிற்கும் என்பதால் இது சின்னக் குறை இல்லை.

இனி அதில் ஊற்றியது. ஒயின் வாங்கியது மகள். நாசிக் சுலா கம்பெனியின் செனின் பிளாங்க் என்கிற வெள்ளை ஒயின், இரண்டு பாட்டில். 2000-ல் அந்தக் கம்பெனி முதன்முதலில் வெளியிட்ட இரண்டு ஒயினில் இதுவும் ஒன்று. நாக்கில் லேசாக இனிப்புத் தட்டும், பச்சை ஆப்பிளைக் கடித்த மாதிரி ஒரு புளிப்பு. கார்க் இல்லை, திருகு மூடி. எங்கள் தெருவில் கார்க் பிடுங்குகிற கருவி எவரிடமும் கிடையாது என்பதால் எனக்கு இதுவே பெரிய நிம்மதி. இதற்கு முன்னால் ஒத்திகை பார்க்க விலை குறைந்த வேறொரு வெள்ளை ஒயின் வாங்கினோம், பெயர் வேண்டாம். அதில் எத்தனை பழம் போட்டாலும் காடி வாடை போகவில்லை. தனியாக ஒரு தம்ளர் குடிக்க முடியாத ஒயினை ஆரஞ்சு வந்து காப்பாற்றாது. விலை உயர்ந்ததும் தண்டம்தான், பழத்தில் அதன் வாசம் முங்கிப்போகும். நடுத்தரமே போதும்.

வாங்குகிறவர்கள் தேதி பார்த்துக்கொள்ளுங்கள். கேரளத்தில் மாதம் ஒன்றாம் தேதி பெவ்கோ என்கிற அரசு மதுக்கடை அடைப்பு. அண்ணன் முதலில் மே 1-ம் தேதி லீவு என்று அன்றைக்குத்தான் வருவதாக இருந்தார். "வாங்கி வெச்சுட்டா ஆச்சு, அதுக்கு ஏம்மா பதட்டம்" என்றாள் மகள். எனக்குத்தான் மனசு கேட்காமல் ஏப்ரல் 30-க்கு மாற்றச் சொன்னேன்.

பழம்தான் இதில் முக்கியம். நாக்பூர் ஆரஞ்சு நான்கு, முசம்பி இரண்டு, எலுமிச்சை இரண்டு. சாத்துக்குடியைத்தான் எங்கள் பக்கம் முசம்பி என்போம். தோலோடு போடுவதால் வெதுவெதுப்பான தண்ணீரில் உப்புப் போட்டு, மெழுகுப் பிசுக்குப் போகத் தேய்த்துக் கழுவினேன். ஒரு ஆரஞ்சு, ஒரு எலுமிச்சையின் மேல்தோலை மட்டும் காய் சீவுகிற சீவியால் மெல்லிசாகச் சீவி, ஆறு ஸ்பூன் சர்க்கரை போட்டுப் பிசறி ஒரு மணி நேரம் மூடி வைத்தாள் மகள். நான் கிட்டே நின்று பார்த்தேன். முதலில் வெறும் சர்க்கரையாகத்தான் கிடந்தது. பத்து நிமிடத்தில் ஓரமெல்லாம் ஈரம் கோத்தது. அரை மணியில் சர்க்கரை மஞ்சளாகி, கிண்ணத்தைச் சாய்த்தால் எண்ணெய் மினுக்கோடு ஒரு கோடு ஓடியது. மூடியைத் திறந்ததும் முன்கட்டு வரைக்கும் வாசம். நாரத்தங்காய்க்கு உப்புப் பிசறி வைத்தால் தண்ணீர் விடுமே, அதே வேலைதான். உப்புக்குப் பதில் சர்க்கரை, தண்ணீருக்குப் பதில் தோலில் இருக்கிற எண்ணெய்.

மூன்று ஆரஞ்சையும் ஒரு முசம்பியையும் பிழிந்ததில் 300 மில்லி சாறு வந்தது. மீதியிருந்த முசம்பியையும் எலுமிச்சையையும் வட்டமாக நறுக்கி, கொட்டை எல்லாம் எடுத்தோம். கொட்டை இருந்தால் கசக்கும், குழாயிலும் மாட்டும். நாக்பூர் ஆரஞ்சு வட்டமாக நறுக்க ஆகாது, தோல் தனியே சுளை தனியே வந்துவிடும். முசம்பி கட்டாக நிற்கிறது, கண்ணாடிக்குள் பார்க்கவும் அழகு.

இதில் ஆரஞ்சு மது ஒன்றும் சேர்ப்பார்களாம். அதற்கு நாங்கள் எங்கே போக? நெல்லியாம்பதி மலையில் இருக்கிற அரசு ஆரஞ்சுப் பண்ணையில் வாங்கி வைத்த பேஷன் புரூட் ஸ்குவாஷ் பிரிட்ஜில் இருந்தது. அதில் நான்கு மூடி, கூட 90 மில்லி பிராந்தி. என்னைக் கேட்டால் அன்றைய பானத்தைத் தூக்கி நிறுத்தியது அந்த ஸ்குவாஷ்தான். பேஷன் புரூட்டின் புளிப்பு ஒயினோடு அப்படியே சேர்ந்துகொண்டது. மலை ஏறுகிறவர்கள் ஆரஞ்சைத் தேடாமல் ஸ்குவாஷ் பாட்டிலை வாங்கி வாருங்கள்.

எல்லாவற்றையும் குடுவையில் ஊற்றி பிரிட்ஜில் வைக்கப் போனால் உயரம் ஒத்துவரவில்லை. ஒரு தட்டையே கழற்றி, இட்லி மாவைப் பக்கத்து வீட்டுக்கு அனுப்பிவிட்டுத்தான் இது உள்ளே போனது. வாங்குவதற்கு முன்னால் பிரிட்ஜை அளந்துகொள்ளுங்கள், மூடியோடு 31 செ.மீ.

மூன்று மணி நேரம் ஊறியது. ஒத்திகையில் ராத்திரி முழுக்க வைத்துக் கெடுத்திருந்தோம். தோலுக்கும் சுளைக்கும் நடுவே இருக்கிற வெள்ளைப் பகுதி ஊற ஊறக் கசப்பை இறக்குகிறது, காலையில் வேப்பங்கொழுந்து மென்ற மாதிரி. குழாய்க்குள் ராத்திரி நின்ற முதல் வாய் தகர வாடை வேறு அடித்தது. புளிப்புக்கு அந்தப் பூச்சு தாங்கவில்லை என்று நினைக்கிறேன். அதனால் நின்ற பானத்தில் முதல் கால் தம்ளரைப் பிடித்துக் கொட்டிவிடுவது என் வழக்கம். ஐஸும் சோடாவும் தம்ளரில்தான். குடுவையில் சோடா ஊற்றினால் இரண்டாவது சுற்று வருவதற்குள் காற்றுப் போய்ச் சப்பென்று ஆகிவிடும்.

அண்ணன் மகனுக்கு 22 வயது. "எங்கூர்ல 21 ஆனாப் போதுங்கத்தை" என்றான். "இங்கே குடிக்கிறதுக்கு 23 ஆகணும், கண்ணு. நீ சர்பத் குடி" என்றேன். அவனுக்காகச் சின்னக் கூஜாவில் எலுமிச்சை, நன்னாரி, ஊற வைத்த சப்ஜா விதை போட்டுக் குலுக்கி சர்பத் மாதிரி ஒன்று செய்து வைத்திருந்தேன். அவன் என்ன செய்தான் தெரியுமா? பெரியவர்கள் குடித்து முடித்ததும், குழாய் திருகிப் பிடிக்கிற ஆசையில் தன் சர்பத்தைக் குடுவையில் ஊற்றிவிட்டான். ஒரு தம்ளர் வந்தது. அப்புறம் சப்ஜா மொத்தமும் குழாய் வாயில் திரண்டு அடைத்துக்கொண்டது. ஊதிப் பார்த்தான், ஊக்கு விட்டுக் குத்தினான். கடைசியில் குடுவையைக் கவிழ்த்து, நட்டைக் கழற்றி, நூல்கண்டு துடைக்கிற பிரஷ்ஷால் நான் சுத்தம் செய்ய வேண்டியதாயிற்று. மறுபடி மாட்டினால் மறுபடி வாஷர் சரிபார்ப்பு. அவனைத் திட்டவும் முடியவில்லை, அண்ணி பக்கத்தில் இருந்தார்.

அண்ணன் முதல் தம்ளரைச் சந்தேகமாகத்தான் வாங்கினார். "கள்ளு மாதிரியும் இல்ல, சர்பத்து மாதிரியும் இல்லயே ஆயா" என்றார். என்னை இன்னும் ஆயா என்றுதான் கூப்பிடுவார். அப்புறம் மூன்று தம்ளர் ஆயிற்று. மகள் சோடாவும் சேர்த்துக் கணக்குப் போட்டுச் சொன்னாள், 9 சதவீதம் வருகிறதாம். ஸ்ட்ராங் பீரை விடக் கொஞ்சம் கூட. இனிப்பும் புளிப்பும் அதை மறைத்துவிடுகிறது. வெயிலில் தாகத்துக்கு மடமடவென்று குடித்தவர் சாயந்திரம் ஆறு மணி வரை திண்ணையில் தூங்கினார். நல்லவேளை, காரை அண்ணி ஓட்டுவார். எனக்கு ஒரு தம்ளரே போதுமாக இருந்தது. அந்த ஒன்று அருமை. முதலில் எலுமிச்சைத் தோல் வாசம், நடுவில் ஒயின், விழுங்கிய பிறகு பேஷன் புரூட்.

மதிப்பெண் என்றால் கண்ணாடிக்கு நாலரை, குழாய்க்கு ஒன்றரை. ஸ்டீல் குழாய் தனியாக 350 ரூபாய்க்குக் கிடைக்கிறது, அடுத்த மாதம் மாற்றப்போகிறேன். அதையும் சேர்த்தால் 1,500 ஆகிறது. வருடத்துக்கு நாலு விசேஷம் இருக்கிற வீடென்றால் வாங்கலாம். ஒரே ஒரு தடவைக்கு என்றால் எவர்சில்வர் தூக்கும் கரண்டியும் போதும், ருசி ஒன்றும் குறையாது. பழம் மிதப்பது மட்டும் தெரியாது.

இப்போது அதில் கடைக்கு வருகிறவர்களுக்காகத் தண்ணீர் வைத்திருக்கிறேன். மோர் ஊற்றலாமா என்று எதிர்க்கடை அக்கா கேட்டார். ஊற்றலாம். கறிவேப்பிலை கிள்ளிப் போடாதீர்கள்.