புழு வளர்த்துக் கொடுத்தால் நாங்களே வாங்கிக்கொள்கிறோம் என்று வருபவர்களை நம்பாதீர்கள்

தருமபுரி, பாலக்கோடு, பென்னாகரம் பக்கம் இருப்பவர்கள் இதைக் கொஞ்சம் கவனமாகப் படியுங்கள். கூண்டுப் பறவைக்கும் அரோவானா மீனுக்கும் உயிர்த் தீவனமாகப் பட்டுப்புழு வேண்டும், வீட்டில் ஒரு அறை இருந்தால் போதும், வளர்த்துக் கொடுங்கள், நாங்களே எடுத்துக்கொள்கிறோம் என்று சொல்லிக்கொண்டு சிலர் வருகிறார்கள். எங்களிடமிருந்து 22,000 ரூபாய் போய்விட்டது.

முதல் தடவை எல்லாம் ஒழுங்காகத்தான் நடந்தது. ஒரு தட்டுப் புழு கொடுத்தார்கள். வளர்ந்ததும் வந்து எடுத்துக்கொண்டு, நின்ற இடத்திலேயே ஜிபேயில் பணம் போட்டார்கள். "உங்க கை ராசியான கைக்கா, அடுத்த தடவை பத்துத் தட்டு போட்டுடுங்க" என்றார் வந்தவர். புழு, தட்டு, ஸ்டாண்டு, பயிற்சி என்று பெரிய பணத்தை அப்போதுதான் கறந்தார்கள். 2012இல் ஈமு கோழியை வைத்துக் கொங்குப் பக்கம் ஆடிய ஆட்டமும் இதுதான்: நம் தலையில் அதிக விலைக்குக் கட்டுவது, கொஞ்ச நாள் பணம் கொடுப்பது, அப்புறம் காணாமல் போவது.

ஆனால் கோழியையாவது நாலு நாள் வைத்திருக்கலாம். பட்டுப்புழு காத்திருக்காது. நாலு தடவை தோலுரித்து ஐந்தாம் பருவத்துக்கு வந்துவிட்டால் ஏறக்குறைய ஒரு வாரம்தான். ராத்திரி பகல் பார்க்காமல் மல்பெரி இலையைத் தின்னும். பிறகு தீனியை நிறுத்திவிட்டுத் தலையைத் தூக்கி, கூடு கட்ட இடம் தேடும். கூடு கட்டிய புழுவைத் தீவனத்துக்கு யாரும் எடுப்பதில்லை. சரியாக அந்த வாரத்தில்தான் அவர்கள் போன் ஸ்விட்ச் ஆஃப்.

அதற்கு முன்பே சில புழுக்கள் தட்டின் ஓரத்திலேயே ஓயாமல் ஊர்ந்துகொண்டிருந்தன. தோல் பளபளவென்று, கணுவுக்குக் கணு வீங்கியிருந்தது. போனில் கேட்டதற்கு, "வெயிலுக்கு அப்படித்தான் இருக்கும், இலையை நனைச்சுப் போடுங்க" என்றார்கள். பல வருடமாகப் பட்டுப்புழு வளர்க்கும் எங்கள் பெரியப்பா வந்து பார்த்தார். ஒரு புழுவை இலையோடு எடுத்தார். தோல் கிழிந்து வெள்ளையாகப் பால் மாதிரி வடிந்தது. "இது பால் நோய்ம்மா. இதைத் தொட்ட கையோட என் ஷெட்டுப் பக்கம் வந்துடாதே" என்றார்.

எனக்குப் பணம் போனதைவிட இதுதான் ஆறவில்லை. பால் நோய் வைரஸால் வருவது. ஆள், தட்டு, இலை என்று எதில் ஒட்டினாலும் பரவும். சுற்றிலும் பட்டுக்கூடு விற்றுக் குடும்பம் நடத்துகிறவர்கள் இருக்கும் ஊரில், எங்கிருந்து வந்தது என்றே தெரியாத புழுவை வீடு வீடாகக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார்கள். செத்த புழுக்களைச் சுண்ணாம்பு போட்டுப் புதைத்தோம். அறையையும் தட்டுகளையும் 2 சதவீத பிளீச்சிங் பவுடர் கரைசலில் கழுவினோம்.

புழு வேண்டும் என்றால், சொந்தப் பறவைக்காக ஒரு தட்டுதான் என்றாலும், பட்டு வளர்ச்சித் துறை அலுவலகத்தில் கேட்டு, பதிவு பெற்ற இளம்புழு வளர்ப்பு மையத்தில் வாங்குங்கள். முட்டை எங்கே வாங்கியது, எந்தத் தேதியில் பொரித்தது என்று அங்கே சொல்வார்கள். எங்களிடம் வந்தவர்களிடம் இதைக் கேட்டபோது பேச்சை மாற்றினார்கள். ஒப்பந்தம் என்று அவர்கள் கொடுத்த தாளில் முகவரியே இல்லை. அந்தத் தாளையும் ஜிபே ரசீதுகளையும் வைத்துப் போலீசில் புகார் கொடுத்திருக்கிறோம். இதே ஆட்களிடம் பணம் கொடுத்தவர்கள் இருந்தால் நீங்களும் புகார் கொடுங்கள்.