எஸ்கேப் ரூம் மேப் செய்து தருவதாக முன்பணம் வாங்குபவர்: சுங்கை சிப்புட் வட்டாரத்தினர் கவனத்திற்கு

மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட், கோலகங்சார், ஈப்போ பக்கத்துத் தமிழ்க் குழுக்களில் ஒருவர் தொடர்ந்து விளம்பரம் போட்டு வருகிறார். மைன்கிராஃப்ட், ரோப்லாக்ஸ், ஃபோர்ட்நைட் என்று எந்த விளையாட்டானாலும் சரி, உங்கள் பள்ளிக்கோ கோயிலுக்கோ பிறந்தநாளுக்கோ ஏற்ற எஸ்கேப் ரூம் மேப்பை (புதிர்களை விடுவித்துப் பூட்டிய அறைகளிலிருந்து வெளியேறும் ஆட்டக் களம்) தமிழிலேயே செய்து தருவதாகச் சொல்கிறார். அவரிடம் பணம் கட்டி ஏமாற்றப்பட்டவர்கள் நாங்கள். போலீசில் புகார் கொடுத்திருப்பதால் அவர் சொல்லிக்கொள்ளும் பெயரை இங்கே எழுதவில்லை. ஆனால் அவர் செய்த வேலையை ஒன்றுவிடாமல் எழுதப் போகிறேன். பள்ளி விடுமுறை நெருங்குகிறது. அதே விளம்பரம், அதே படங்களோடு, மறுபடியும் வந்திருக்கிறது.

எங்கள் தோட்டத்தில் இப்போது ரப்பர் இல்லை. மரத்தை வெட்டிச் செம்பனை போட்டார்கள். பிறகு அதிலும் ஒரு பகுதி தாமான் (வீடமைப்புப் பகுதி) ஆகிவிட்டது. தொழிலாளர்கள் குடியிருந்த லயன் வீடுகள் இருந்த இடத்தில் கடை வரிசை நிற்கிறது. மிஞ்சியிருப்பது கோயிலும் அதன் மண்டபமும்தான். வார இறுதியில் அந்த மண்டபத்தில் பிள்ளைகளுக்கு டியூஷன் நடத்துகிறேன். பாடம் முடிந்ததும் பிள்ளைகள் கூடி விளையாடுவது இந்த எஸ்கேப் ரூம் மேப்புகளைத்தான். யாரோ முகம் தெரியாத ஒருவர் எங்கோ உட்கார்ந்து கட்டிய அறைக்குள் நுழைந்து, புத்தக அலமாரியைத் துழாவி, எண் பூட்டைத் திறந்து, அடுத்த அறைக்குப் போகிறார்கள். ஒருவன் துப்பைப் படிப்பான், ஒருத்தி கணக்குப் போடுவாள், இன்னொருவன் சுவரில் விசை தேடுவான். ஐந்து பேரும் சேர்ந்தால்தான் கதவு திறக்கும். பிள்ளைகளை ஒரே இடத்தில் உட்கார்ந்து யோசிக்க வைக்கும் விளையாட்டு என்பதால் எனக்கு அதன்மேல் மதிப்பு உண்டு.

அதனால்தான் எங்கள் தோட்டத்தையே ஒரு மேப்பாகச் செய்தால் என்ன என்ற எண்ணம் வந்தது. முன்னாள் மண்டோர் (தோட்டக் கண்காணி) ஒருவர் இருக்கிறார், பிள்ளைகளுக்கெல்லாம் தாத்தா. அவரிடம் கேட்டோம். ஒரு நோட்டுப் புத்தகம் நிறைய வரைந்து கொடுத்தார். முதல் அறை விடியற்காலைப் பெரட்டுக் களம், வேலைக்குப் போகுமுன் தொழிலாளர்கள் கூடும் இடம். கிராணி (தோட்டக் கணக்கர்) பெயர் வாசிக்கிற வரிசையைக் கவனித்தால்தான் கதவு திறக்கும். இரண்டாவது அறை பால் ஸ்டோர், ரப்பர் பாலை நிறுக்கும் இடம். ஒவ்வொரு வாளியின் எடையையும் கூட்டினால் பூட்டின் எண் கிடைக்கும். மூன்றாவது, ரப்பர் தகடு உருட்டும் எந்திரமும் புகைக்கூண்டும். கடைசி அறைதான் எனக்கு மிகவும் பிடித்தது: அவசரகால முள்வேலிக் கதவு. 1948-இல் மலாயாவில் கம்யூனிஸ்டுகளுக்கு எதிரான அவசரகாலம் தொடங்கிய பிறகு தோட்டத்து லயன்களைச் சுற்றி வேலி போட்டதும், இருட்டினால் கதவை மூடிவிடுவதும் தாத்தா சின்னப் பிள்ளையாகப் பார்த்தவை. பூட்டிய இடத்திலிருந்து வெளியே வருவதுதானே இந்த விளையாட்டு? அதற்கு இதைவிடப் பொருத்தமான அறை கிடைக்குமா?

விளம்பரம் போட்டவரிடம் அந்த நோட்டின் படங்களை அனுப்பினோம். ஈப்போவில் இருப்பதாகச் சொன்னார். பேச்சில் பணிவு, வார்த்தைக்கு வார்த்தை "சிஸ்டர்". மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பில் (கணினியில் ஓடுவது) செய்து தருவதாகவும், மொத்தம் 600 ரிங்கிட் என்றும், பாதி முன்பணம் என்றும் சொன்னார். முன்பு செய்தவை என்று சில படங்கள் அனுப்பினார். அவற்றில் பலகைகளில் தமிழ் அழகாக, தெளிவாக இருந்தது. முன்னாள் மாணவர்கள் ஆளுக்குக் கொஞ்சம் போட்ட பணத்திலிருந்து 300 ரிங்கிட்டை டுயிட்நவ் என்ற வங்கிப் பணமாற்று வழியாக அவர் கொடுத்த கணக்குக்கு அனுப்பினோம். பிறகு, "மேப்பை இணையத்தில் வைத்திருக்கும் செலவு" என்று இன்னொரு 120 ரிங்கிட் வாங்கிக்கொண்டார்.

வந்து சேர்ந்ததைப் பற்றிச் சொல்கிறேன்.

இரவல் மடிக்கணினிகளை மண்டபத்தில் வரிசையாக வைத்து மேப்பைத் திறந்தோம். பெரட்டுக் களம் இல்லை. ஒரு ஐரோப்பிய மாளிகையின் வரவேற்பறை இருந்தது. வாசலில் ஒரு பலகையில் எங்கள் தோட்டத்தின் பெயர், அதுவும் கொம்பும் காலும் எழுத்தை விட்டுப் பிரிந்து தொங்கிய தமிழில். மாதிரிப் படங்களில் இருந்த அழகான தமிழ், படத்தின்மேல் ஒட்டப்பட்டதே தவிர விளையாட்டுக்குள் எழுதப்பட்டதல்ல என்பது அப்போது தெரிந்தது. நான் எதுவும் சொல்வதற்குள் ஆறாம் ஆண்டுப் பையன் ஒருவன், "அக்கா, இது நான் ஏற்கெனவே விளையாடிய மேப். விசை அந்தக் கடிகாரத்துக்குப் பின்னால் இருக்கிறது" என்றான். போய்ப் பார்த்தான். இருந்தது.

நாலாவது அறையில் பொத்தானை அழுத்தினால் எதுவும் நடக்கவில்லை. இதற்கான காரணத்தைப் பிறகு ஆராய்ந்து தெரிந்துகொண்டோம். இப்படிப்பட்ட மேப்புகளில் கதவைத் திறப்பதும் துப்பைக் காட்டுவதும் கட்டளைப் பெட்டிகளின் (விளையாட்டுக்குள் கட்டளை எழுதி வைக்கும் கட்டங்கள்) வேலை. 2018-இல் வந்த மைன்கிராஃப்ட் 1.13 பதிப்பில் கட்டளைகளை எழுதும் முறையே மாறிவிட்டது. அதற்கு முன் செய்யப்பட்ட பழைய மேப்புகளைப் புதிய பதிப்பில் திறந்தால் கட்டளைகள் பல செத்துப்போகும். எங்களுக்கு விற்கப்பட்டது அப்படிப்பட்ட பழைய மேப். அதைத் திறந்து விளையாடிப் பார்க்கும் அளவுக்குக்கூட அவர் மெனக்கெடவில்லை. இன்னொரு கேடு: நல்ல மேப் ஆக்குநர்கள் ஆட்டக்காரர்களை அட்வென்சர் முறையில்தான் விடுவார்கள், சுவரை உடைக்க முடியாது. இதில் அதுவும் இல்லை. இரண்டாம் ஆண்டுப் பெண் பிள்ளை ஒருத்தி கையாலேயே சுவரைக் குடைந்து வெளியே போய் நின்றாள். எஸ்கேப் ரூமில் சுவரை உடைக்க முடிந்தால் அதற்குப் பிறகு புதிர் எதற்கு?

தாத்தா பின்வரிசையில் உட்கார்ந்திருந்தார். தன் பால் ஸ்டோர் எப்போது வரும் என்று இரண்டு தடவை கேட்டார். கையை விட்டுப் போன 420 ரிங்கிட்டைவிட அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியிருந்ததுதான் எனக்கு ஆறவில்லை.

அன்றிரவே பையன் சொன்ன மேப்பைத் தேடிப் பார்த்தோம். மேப்புகளைப் பகிரும் தளம் ஒன்றில், யாரும் இலவசமாக இறக்கிக்கொள்ளும்படி வைக்கப்பட்டிருந்தது. ஆக்கியவர் தன் பக்கத்திலேயே, இதை மறுபதிவு செய்யக்கூடாது, விற்கக்கூடாது என்று எழுதியிருந்தார். அவருக்குச் செய்தி அனுப்பினோம். யாருக்கும் விற்கும் உரிமை கொடுக்கவில்லை என்று பதில் வந்தது. ஆக, இந்த ஆள் எங்களை மட்டும் ஏமாற்றவில்லை. உழைத்து, இலவசமாகக் கொடுத்த ஒருவரின் பெயரையும் அழித்து விற்றிருக்கிறார்.

பணத்தைத் திருப்பிக் கேட்டபோது நடந்ததுதான் இந்தப் பதிவின் மிக முக்கியமான பகுதி. "கோளாறைச் சரிசெய்த புதிய பதிப்பு" என்று ஒரு கோப்பு அனுப்பினார். அது மேப் அல்ல, கணினியில் நிறுவும் மென்பொருள். வைரஸ் பாதுகாப்பை அணைத்துவிட்டுத் திறக்க வேண்டும் என்றார். கூடவே, "சோதித்துப் பார்க்க" ஒரு பிள்ளையின் மைக்ரோசாஃப்ட் கணக்கையும் கடவுச்சொல்லையும் கேட்டார். நாங்கள் திறக்கவுமில்லை, கொடுக்கவுமில்லை. அதோடு எங்கள் எண்ணைத் தடை செய்துவிட்டார்.

பெற்றோர்கள் இதைத் தெரிந்துகொள்ளுங்கள். மைன்கிராஃப்ட் ஜாவா மேப் என்பது ஒரு கோப்புறை மட்டுமே. அதைச் சுருக்கி ஸிப் கோப்பாக அனுப்புவார்கள். விரித்து, விளையாட்டின் சேவ்ஸ் கோப்புறைக்குள் வைத்தால் போதும். கைப்பேசியிலும் டேப்லெட்டிலும் ஓடும் பெட்ராக் பதிப்புக்கு எம்சிவேர்ல்ட் என்று முடியும் கோப்பு வரும். எந்த மேப்பும் நிறுவும் மென்பொருளாக வராது. வைரஸ் பாதுகாப்பை அணைக்கச் சொல்பவர் மேப் கொடுக்க வரவில்லை. இது வெறும் பயமுறுத்தல் அல்ல. 2023 ஜூன் மாதம், பெயர்பெற்ற கர்ஸ்ஃபோர்ஜ், புக்கிட் தளங்களிலேயே மைன்கிராஃப்ட் மோட்களுக்குள் (விளையாட்டை மாற்றும் துணை நிரல்கள்) ஃபிராக்சரைசர் என்ற தீநிரல் புகுந்து, உலாவியில் சேமித்திருந்த விவரங்களையும் மைக்ரோசாஃப்ட், டிஸ்கார்ட் கணக்குகளின் நுழைவுச் சாவிகளையும் திருடியது. அப்படிப்பட்ட தளங்களிலேயே அந்த நிலை என்றால், முகவரி இல்லாத ஒருவர் வாட்ஸ்அப்பில் அனுப்பும் கோப்பை எப்படி நம்புவது?

இதே ஆள் ஃபோர்ட்நைட் எஸ்கேப் ரூம் குறியீடுகளையும் "விஐபி பட்டியல்" என்று 15, 20 ரிங்கிட்டுக்குப் பிள்ளைகளிடம் நேரடியாக விற்கிறார் என்று பிறகு கேள்விப்பட்டோம். பிள்ளைகளிடம் சொல்லி வையுங்கள்: ஃபோர்ட்நைட்டில் ஆட்டக்காரர்கள் கட்டும் ஒவ்வொரு தீவுக்கும் 12 இலக்கக் குறியீடு இருக்கிறது, நான்கு நான்காகப் பிரித்து எழுதுவார்கள். தேடும் பெட்டியில் அதைத் தட்டினால் தீவு திறக்கும், நுழைவுக் கட்டணம் இல்லை. கட்டியவருக்கு ஃபோர்ட்நைட்டை நடத்தும் எபிக் நிறுவனமே பணம் கொடுக்கிறது. 2023-இலிருந்து தன் நிகர வருவாயில் 40 விழுக்காட்டை, மக்கள் விளையாடும் அளவைப் பார்த்துத் தீவுகளுக்குப் பங்கிடுகிறது. குறியீட்டை விற்பவருக்குக் கொடுக்கும் காசில் ஒரு சென் கூட அதைக் கட்டியவருக்குப் போகாது. ரோப்லாக்ஸில் காசு கேட்கும் ஆட்டங்கள் உண்டு. ஆனால் அந்தக் காசை ரோப்லாக்ஸுக்குள்ளேயே கட்டுவீர்கள், யாருடைய வங்கிக் கணக்குக்கும் அனுப்ப மாட்டீர்கள்.

நல்ல மேப் தேடுவது கடினமான காரியமல்ல. ஆக்கியவரின் பெயர், கடைசியாகப் புதுப்பித்த தேதி, எந்தப் பதிப்புக்குச் செய்தது, எத்தனை பேர் சேர்ந்து ஆடலாம் என்ற விவரங்கள் உள்ள பக்கத்திலிருந்து எடுங்கள். கருத்துகளைப் படியுங்கள். "மூன்றாவது கதவு திறக்கவில்லை" என்று பலர் எழுதி, ஆக்கியவர் பதில் சொல்லாமல் இருந்தால் விட்டுவிடுங்கள். கணினி இருக்கிறது, ஒருமுறை காசு கொடுத்து வாங்கவும் முடியும் என்றால் 2021-இல் பைன் ஸ்டூடியோ வெளியிட்ட எஸ்கேப் சிமுலேட்டர் என்ற எஸ்கேப் ரூம் விளையாட்டைப் பாருங்கள். அதற்குள்ளேயே அறை கட்டும் கருவி இருக்கிறது. மற்றவர்கள் கட்டிய அறைகள் ஸ்டீம் என்ற விளையாட்டுத் தளத்தின் வொர்க்‌ஷாப்பில் இலவசமாகக் கிடைக்கின்றன. எங்கள் பெரிய பிள்ளைகளுக்கு இப்போது அதுதான் பிடித்திருக்கிறது.

காசு வாங்கிக்கொண்டு நேர்மையாக மேப் செய்து தருபவர்களும் இருக்கிறார்கள். அவர்கள் பிழைப்பில் மண் போட நான் எழுதவில்லை. அவர்களிடம் கொடுப்பதானால், படத்தைக் காட்டச் சொல்லாதீர்கள், விளையாட்டைத் திறந்து உங்கள் கண் முன்னால் நடந்து காட்டச் சொல்லுங்கள். ஓர் அறை முடிந்தபின் அந்த அறைக்கு மட்டும் பணம் கொடுங்கள். உண்மையாகக் கட்டுகிறவருக்கு இதில் எந்தச் சிரமமும் இல்லை.

பணம் அனுப்பும் முன் போலீசின் செமாக் மியூல் தளத்தில் கணக்கு எண்ணையும் தொலைபேசி எண்ணையும் தட்டிப் பாருங்கள். ஏற்கெனவே புகார் இருந்தால் காட்டும். பணம் போன உடனே தெரிந்துவிட்டால் தாமதிக்காமல் 997-க்கு அழையுங்கள். அது 2022-இல் தொடங்கிய தேசிய மோசடித் தடுப்பு மையத்தின் எண். எவ்வளவு சீக்கிரம் அழைக்கிறோமோ அவ்வளவுக்குப் பணத்தை வழியிலேயே நிறுத்த வாய்ப்பு இருக்கிறது. பயனீட்டாளர் கோரிக்கை நடுவர் மன்றத்திலும் மனுக் கொடுக்கலாம். கட்டணம் 5 ரிங்கிட்தான், 50,000 ரிங்கிட் வரையிலான கோரிக்கைகளை விசாரிப்பார்கள், வழக்கறிஞர் தேவையில்லை. ஆனால் எதிர்த்தரப்பின் உண்மையான பெயரும் முகவரியும் வேண்டும். எங்களிடம் இருப்பது ஒரு தொலைபேசி எண்ணும், வேறொருவர் பெயரிலுள்ள கணக்கு எண்ணும் மட்டுமே. அதனால் முதலில் போலீஸ் புகார் கொடுத்தோம். ஆள் யாரென்று தெரிந்ததும் மனுவும் போடுவோம்.

இந்த ஆளிடம் பணம் கட்டியிருப்பவர்கள் அந்த உரையாடலை அழித்துவிடாதீர்கள். அவர் அனுப்பிய கோப்புகளைத் திறக்காமல் அப்படியே வைத்திருங்கள். பணம் அனுப்பிய ரசீதோடு உங்கள் ஊர்க் காவல் நிலையத்தில் தனித்தனியாகப் புகார் கொடுங்கள். "தொகை சின்னது" என்று விட்டுவிடாதீர்கள், அவர் நம்பியிருப்பது அதைத்தான். மாதிரிப் படங்களில் சிவப்புக் கதவும் அதன்மேல் தங்க நிறத்தில் "வாருங்கள்" என்ற பலகையும் இருந்தால் இதே ஆள்தான். எங்கள் புகார் எண் வேண்டுபவர்கள் தனிச்செய்தியில் கேளுங்கள், உங்கள் புகாரில் அதையும் குறிப்பிட்டால் விசாரணை அதிகாரி இரண்டையும் சேர்த்துப் பார்க்க வசதியாக இருக்கும்.