ஜூன் 21: நெல்லைப் பகலும் லண்டன் பகலும்

ஆண்டின் மிக நீண்ட பகலன்று திருநெல்வேலியில் சூரியன் காலை 6 மணியை ஒட்டி உதித்து, மாலை 6.40 வாக்கில் மறைகிறது. மொத்தம் ஏறக்குறைய 12 மணி 38 நிமிடம். லண்டனில் அன்றைக்கு 16 மணி 38 நிமிடம். முழுசாக நான்கு மணி நேரம் கூடுதல்! நாம் ராத்திரிச் சாப்பாட்டை முடிக்கிற ஒன்பது மணிக்கும் அங்கே வெயில் இருக்கும்.

காரணம் அட்சரேகைதான். நெல்லை சுமார் 8.7 பாகை வடக்கு, லண்டன் 51.5. பூமியின் அச்சு 23.4 பாகை சாய்ந்திருப்பதால் ஜூனில் வடதுருவம் சூரியன் பக்கம் திரும்பியிருக்கும். வடக்கே போகப் போகப் பகல் நீளும்.

சரி, நெல்லைக்கு என்ன தனிச்சிறப்பு? நிழல். அன்று உச்சிவேளையில் சூரியன் நம் தலைக்கு வடக்கே நிற்கும். சாரல் மேகம் விலகினால் தாமிரபரணிக் கரையில் நின்று பாருங்கள், உங்கள் நிழல் தெற்கே விழும். லண்டனில் எந்த நாளிலும் உச்சிநிழல் வடக்கேதான்.

டிசம்பரில் லண்டன் பகல் எட்டு மணி நேரம்கூட இல்லை. நமக்கோ பதினொன்றரைக்கும் மேல். எனக்கு இந்தச் சீரான பகல்தான் பிடித்திருக்கிறது.