12 டாலர் ஷிராஸ், 100 டாலர் ஷிராஸ்: ஆஸ்திரேலிய ஒயினில் காசு எங்கே போகிறது?

ஆஸ்திரேலிய ஒயின் என்றதும் பலருக்கும் ஷிராஸ் என்ற சிவப்பு வகைதான் நினைவுக்கு வரும். அந்த நாட்டில் அதிகம் விளையும் ஒயின் திராட்சை அதுதான், அதனால் அதில் தவறில்லை. ஆனால் கொடுக்கும் காசுக்குக் கிடைக்கும் சுவையைப் பார்த்தால் முதலிடம் ஷிராஸுக்கு இல்லை, வெள்ளை ஒயின்களான ரீஸ்லிங்குக்கும் ஹண்டர் வேலி செமியோனுக்கும்தான் என்பது என் தீர்மானமான கருத்து. சிவப்பு ஒயினில் விலை எப்படி ஏறுகிறது என்று தெரிந்தால் அதன் காரணம் விளங்கும். இங்கே சொல்லும் விலைகள் 750 மில்லி பாட்டிலுக்கு, ஆஸ்திரேலிய டாலரில், தோராயமானவை.

ஒப்பிட்டுச் சுவைக்கும்போது லேபிள் கண்ணில் படக் கூடாது. பாட்டிலைத் தாளில் சுற்றி, எண் போட்டு, ஒரே வடிவக் கோப்பைகளில் ஊற்றினால் போதும். வெப்பநிலையைத்தான் பலர் கவனிப்பதில்லை. சிவப்பு ஒயினை அறை வெப்பநிலையில் வைக்கச் சொல்வது குளிர்நாட்டு அறைகளுக்குப் பொருந்தும். 30 டிகிரி அறையில் ஊற்றினால் எந்த ஷிராஸிலும் ஆல்கஹால் நெடிதான் முதலில் மூக்கில் ஏறும், 16 முதல் 18 டிகிரிக்குள் இருந்தால் பழத்தின் மணம் மேலே வரும். வெள்ளை ஒயினையோ குளிர்சாதனப் பெட்டியிலிருந்து எடுத்துக் கொஞ்ச நேரம் வெளியில் வைக்க வேண்டும், இல்லாவிட்டால் எந்த மணமும் தெரியாது. புளிப்பு, துவர்ப்பு, ஆல்கஹால் சூடு எல்லாவற்றையும் பாருங்கள். அவற்றைவிட முக்கியம், விழுங்கிய பிறகு சுவை எவ்வளவு நேரம் நாக்கில் நிற்கிறது என்பது. விலை குறைந்த ஒயினும் முதல் வாய்க்கு நன்றாக இருக்கும். பெரும்பாலும் அந்தக் கடைசிச் சுவையில்தான் அதன் குட்டு வெளிப்படும்.

சரி, ஷிராஸுக்கு வருவோம். 10 டாலர் அளவில் கிடைக்கும் ஷிராஸ் பெரும்பாலும் ரிவர்லேண்ட், ரிவரினா போன்ற உள்நாட்டுச் சமவெளிகளிலிருந்து வருகிறது. நல்ல வெயில், வாய்க்கால் பாசனம், ஹெக்டேருக்கு 20 டன்னுக்கு மேலும் விளைச்சல். ஓக் மர வாசனை பெரும்பாலும் பீப்பாயிலிருந்து வருவதில்லை, தொட்டியில் போடும் ஓக் சில்லுகளிலிருந்து வருகிறது. 2001இல் அமெரிக்கச் சந்தையைப் பிடித்த யெல்லோ டெயில் இந்த வகை. பிளம் ஜாம் போன்ற பழம், மிருதுவான துவர்ப்பு, பின்னணியில் லேசான இனிப்பு. குடிக்க எளிது, சுவை உடனே மறைந்துவிடும். இதே விலை வரிசையில் கொஞ்சம் மேலே, பென்ஃபோல்ட்ஸ் நிறுவனம் 1976 அறுவடை முதல் வெளியிட்டுவரும் கூனங்கா ஹில் ஷிராஸ் கபர்னேயை (இரண்டு திராட்சைகளின் கலவை) நான் தயங்காமல் பரிந்துரைப்பேன். அதில் கொஞ்சம் முதுகெலும்பு உண்டு.

உண்மையான பாய்ச்சல் 25 டாலருக்கும் 35 டாலருக்கும் இடையில் நடக்கிறது. அங்கே பரோசாவும் மெக்லாரன் வேலும் வந்துவிடுகின்றன. மிளகு, கறுப்பு பிளம், கசப்புச் சாக்லேட், நாக்கை நிறைக்கும் அடர்த்தி, 14.5 சதவீத ஆல்கஹால். இந்தப் பகுதிகள் இருக்கும் தெற்கு ஆஸ்திரேலிய மாநிலத்துக்குள், 19ஆம் நூற்றாண்டில் ஐரோப்பியத் திராட்சைத் தோட்டங்களை அழித்த ஃபிலாக்ஸெரா பூச்சி நுழையவே இல்லை. கடுமையான தடுப்பு விதிகள் இன்றும் இருக்கின்றன. அதனால் பரோசாவில் லாங்மைல் தோட்டத்தில் 1843இல் நட்ட ஷிராஸ் கொடிகள் இன்னும் காய்க்கின்றன. பரோசாக்காரர்கள் கொடியின் வயதுக்கே தனி வகைப்பாடு வைத்திருக்கிறார்கள்: 35 வயது தாண்டினால் ஒரு பெயர், 70க்கு ஒன்று, 100க்கு ஒன்று, 125க்கு ஒன்று. வயதான கொடி குறைவாகத்தான் காய்க்கும். அந்தக் குறைந்த காயில் இருக்கும் செறிவுக்குத்தான் கூடுதல் காசு.

அப்புறம் 100 டாலர். இங்கே ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். பரோசா ஷிராஸ் டன்னுக்கு 2,000 டாலர் என்று வைத்துக்கொள்வோம். ஒரு டன்னில் 900 பாட்டில் அளவுக்கு ஒயின் வரும். ஆக, பாட்டிலுக்குப் பழச்செலவு 2 டாலர் சொச்சம். புதிய பிரெஞ்சு ஓக் பீப்பாய் 1,500 டாலர் என்றாலும், 225 லிட்டர் பீப்பாயில் 300 பாட்டில் ஒயின் பிடிக்கும். அது பாட்டிலுக்கு 5 டாலர். மிகப் பழைய கொடியின் பழம் இதைப்போல மும்மடங்கு விலை என்றாலும் பழமும் பீப்பாயும் சேர்ந்து 12 டாலரை எட்டாது. இதற்கு மேல் மொத்த விலையில் 29 சதவீத ஒயின் வரி, 10 சதவீத சரக்கு வரி, கடைக்காரரின் லாபம், ஒயினைப் பல வருடம் கிடங்கில் வைக்கும் செலவு. எல்லாம் சேர்ந்தாலும் 50, 60 டாலரைத் தாண்டுவது கஷ்டம். மிச்சம் பெயருக்கும் கிடைக்காமைக்கும் போகிறது. அது மோசடி அல்ல, ஆனால் வாங்குபவருக்கு அது தெரிந்திருக்க வேண்டும்.

ஆயிரம் டாலர் அளவில் விற்கும் பென்ஃபோல்ட்ஸ் கிரேஞ்சில் அந்தப் பெயரின் விலை உச்சத்தில் இருக்கிறது. அந்த நிறுவனத்தின் ஒயின் தயாரிப்பாளர் மேக்ஸ் ஷூபர்ட் 1951இல் சோதனையாக முதல் கிரேஞ்சைச் செய்தார். யாருக்கும் பிடிக்கவில்லை, 1957இல் நிர்வாகம் நிறுத்தச் சொன்னது. அவர் நிறுத்தவில்லை, மூன்று அறுவடைகளை நிர்வாகத்துக்குத் தெரியாமல் செய்தார். அதற்குள் பழைய பாட்டில்கள் முதிர்ந்து தம் தரத்தைக் காட்டின, 1960இல் அனுமதி திரும்பக் கிடைத்தது. இந்த ஒயின் இளமையில் வாய்விட்டுப் பேசாது என்பது அந்த வரலாற்றிலேயே இருக்கிறது. வாங்கி உடனே திறப்பவர் ஏறக்குறைய முழுப் பணத்தையும் வீணாக்குகிறார். பல பகுதிப் பழங்களைக் கலந்து செய்வது கிரேஞ்ச். அதற்கு நேர் எதிராக, ஈடன் வேலியில் 1860களில் நட்ட கொடிகளுள்ள ஒரே தோட்டத்திலிருந்து வருவது ஹென்ஷ்கே ஹில் ஆஃப் கிரேஸ். கிரேஞ்சின் சாயல் மட்டும் போதும் என்பவர்களுக்கு பென்ஃபோல்ட்ஸின் ‘பின் 389’ (Bin 389) உண்டு. கபர்னேயும் ஷிராஸும் கலந்த அந்த ஒயினில் ஒரு பகுதி, முந்தைய கிரேஞ்ச் இருந்த பீப்பாய்களில் முதிர்கிறது. ஆனால் அதன் விலையும் இப்போது 100 டாலருக்கு அருகில் போய்விட்டது.

சிவப்பில் என் காசு கபர்னே சோவிங்யோனுக்குத்தான். தெற்கு ஆஸ்திரேலியாவின் கூனவாராவில் சுண்ணாம்புக்கல் மேல் செம்மண் படிந்த ஒரு குறுகிய பட்டை, ஏறக்குறைய 15 கிலோமீட்டர் நீளத்துக்கு. அங்கிருந்து வரும் கபர்னேயில் பிளாக்கரண்ட் பழ மணத்தோடு புதினா மணமும் கெட்டியான துவர்ப்பும் இருக்கும். வின்ஸ் நிறுவனம் 1954 அறுவடை முதல் செய்துவரும் பிளாக் லேபிள், தள்ளுபடிக் காலத்தில் 30 டாலர் அளவுக்கு இறங்குகிறது. நல்ல வருட பாட்டில் 20 வருடம் தாங்கும். இந்த விலைக்கு இவ்வளவு காலம் தாங்கும் சிவப்பு ஒயின் உலகில் அதிகம் இல்லை. மேற்கே மார்கரெட் ரிவர் கபர்னே கடற்காற்றில் வளர்ந்தது. அதன் துவர்ப்பு மென்மையானது, வாசனையில் பிரிஞ்சி இலைச் சாயல். 60 டாலருக்கு மேல் மார்கரெட் ரிவர் வெல்லும், 40க்குக் கீழே கூனவாராதான்.

இன்னொரு சிவப்பான பினோ நுவார் 30 டாலருக்குக் கீழ் வேண்டாம். வெள்ளையில் ஷார்டனே 15க்குக் கீழ் வேண்டாம். நல்ல ஷார்டனேக்கு மார்கரெட் ரிவர்தான் முதல் முகவரி. 1980இல் தொடங்கிய லூவின் எஸ்டேட்டின் ஆர்ட் சீரிஸ் நாட்டின் தலைசிறந்த வெள்ளை ஒயின்களில் ஒன்று. ஆனால் 100 டாலரைத் தாண்டுகிறது.

இப்போது ரீஸ்லிங். இதற்குப் புது ஓக் பீப்பாய் தேவையில்லை. எஃகுத் தொட்டியில் நொதிக்க வைத்து, சில மாதத்தில் பாட்டிலில் அடைத்துவிடுகிறார்கள். செலவு குறைவு. அதனால் 20, 25 டாலரிலேயே நாட்டின் நல்ல ரீஸ்லிங்குக்கு மிக அருகில் போய்விடலாம், ஷிராஸில் அதே காசுக்கு முதல் படியில்தான் நிற்கிறோம். கிளேர் வேலி ரீஸ்லிங் இறுக்கமானது, எலுமிச்சைத் தோலின் கூர்மை. ஈடன் வேலியில் பூ மணம் கூடுதல், புளிப்பு சற்று மென்மை. உச்சத்துக்குப் போக விரும்பினால் கிராசெட் நிறுவனத்தின் பாலிஷ் ஹில், 80 டாலர் அளவில். வயதாகும்போது ரீஸ்லிங்கில் டோஸ்ட் மணமும் லேசான மண்ணெண்ணெய் வாசனையும் வரும். புதிதாகக் குடிப்பவர் கெட்டுப்போய்விட்டது என்று நினைக்கலாம். அளவாக இருந்தால் அதுதான் அதன் அழகு. கெட்டுப்போன கார்க்கின் நனைந்த அட்டை வாசனை வேறு, அது இங்கே அரிது. 2000 அறுவடையில் கிளேர் வேலித் தயாரிப்பாளர்கள் பலர் சேர்ந்து ரீஸ்லிங்கைத் திருகுமூடிக்கு மாற்றிவிட்டார்கள்.

சிட்னிக்கு வடக்கே, ஏறக்குறைய 160 கிலோமீட்டரில் ஹண்டர் வேலி. அங்கே கோடையில் மழை மிரட்டும், அதனால் செமியோனைச் சீக்கிரமே பறித்துவிடுவார்கள். ஆல்கஹால் 10, 11 சதவீதம்தான். இளம் பாட்டில் எலுமிச்சை பிழிந்த தண்ணீர் போல வெறிச்சென்று இருக்கும். லேபிளை மறைத்து ஒப்பிடும்போது அது கடைசி இடத்துக்குப் போய்விடக்கூடும். அதே பாட்டில் பத்து வருடம் கழித்துத் திறந்தால் வாட்டிய ரொட்டி, தேன், எலுமிச்சை ஊறுகாய்க்கு அருகில் போகும் ஒரு ஆழம். இதில் ஓக் பீப்பாய் எதுவுமே படவில்லை என்பதை நம்பவே முடியாது. 25 டாலர் பாட்டிலிலும் இது நடக்கும். காத்திருக்க மனமில்லாதவர்களுக்காக, டிரெல்ஸ் நிறுவனம் 1963இல் தொடங்கிய வாட் 1 செமியோனைச் சில வருடம் தானே வைத்திருந்து வெளியிடுகிறது.

நம் சாப்பாட்டோடு வைத்துப் பார்த்தால் வித்தியாசம் இன்னும் விரியும். ஆல்கஹாலும் துவர்ப்பும் மிளகாய்க் காரத்தைத் தூக்கிவிடும். காரமான மீன் வறுவலோடு 14.5 சதவீத ஷிராஸ் வாயில் எரியும், ரீஸ்லிங்கோ செமியோனோ அந்த எண்ணெயை வெட்டிச் சுத்தப்படுத்தும். ஷிராஸுக்கு, மிளகாயைக் குறைத்து மிளகைக் கூட்டிய ஆட்டுக்கறி வறுவல் சரியான ஜோடி.

இந்தியாவில் வாங்குபவர்களுக்கு இன்னொரு கணக்கும் உண்டு. 2022 டிசம்பர் 29இல் நடைமுறைக்கு வந்த இந்திய-ஆஸ்திரேலிய வர்த்தக ஒப்பந்தப்படி, இறக்குமதி விலை 15 அமெரிக்க டாலருக்கு மேலுள்ள பாட்டிலுக்குச் சுங்க வரி 150 சதவீதத்திலிருந்து 75 ஆகக் குறைந்தது, பத்து வருடத்தில் 25 ஆகும். 5 டாலருக்கு மேலுள்ள பாட்டிலுக்கு 100 ஆகக் குறைந்து, பிறகு 50க்கு இறங்கும். 5 டாலருக்குக் கீழே சலுகை இல்லை. அதனால் ஆஸ்திரேலியாவில் மலிவு என்று நினைக்கும் ஒயின்தான் இங்கே காசுக்கு மதிப்பு குறைந்தது. மாநில வரிகள் வேறு சேரும்.

ஒரு பாட்டில் மட்டும் இந்த ஒப்பீட்டுக்குள் அடங்காது. விக்டோரியாவின் வடகிழக்கில் ரதர்க்லென் மஸ்கட். கொடியிலேயே உலர்ந்து சுருங்கிய திராட்சை, மதுச்சாரம் சேர்த்துப் பீப்பாயில் பல வருடம் முதிர வைத்தது. ரதர்க்லென், கிளாசிக், கிராண்ட், ரேர் என்று நான்கு படிகள். கிளாசிக் படியே போதுமான அளவு ஆழமானது, பெரும்பாலும் சின்னப் பாட்டிலில் வரும். உலர்திராட்சை, டாஃபி, ஆரஞ்சுத் தோல். திறந்த பிறகும் சில வாரம் கெடாது, ஒரு சிறு கோப்பை போதும்.