பாலியல் தொழில் பத்தின பெண்ணிய கிளாஸ்: ஆறு வாரம் உக்காந்து கேட்டவளோட ரிவ்யூ

போன மாசம்தான் இந்த ஆன்லைன் கிளாஸ முடிச்சேன். ஆறு வாரம், வாரத்துக்கு ஒரு நாள் ரெண்டு மணி நேரம், ஜூம்ல, முழுக்க தமிழ்ல. நடத்துறவங்க பேர் இங்க போடல. சின்ன டீம், உண்மையான அக்கறையோட பண்றாங்க, ஆனா குறையும் சொல்லப்போறேன், அதனால பேர் வேணாம்னு முடிவு பண்ணிட்டேன்.

சேரும்போதே எனக்குன்னு ஒரு முடிவு இருந்துச்சு. பொண்ணோட உடம்ப காசு குடுத்து வாங்குறது வன்முறை, இதுல பேச என்ன இருக்குன்னுதான் நினைச்சிருந்தேன். முதல் வாரம் அந்த நினைப்புக்கு நல்லா தீனி போட்டுச்சு. இந்த தொழிலையே எதிர்க்குற பெண்ணிய எழுத்தாளர்கள் ஆண்ட்ரியா டுவார்கின், கேத்தரின் மெக்கின்னன், கரோல் பேட்மன் மூணு பேரோட வாதத்தையும் அவசரப்படாம, மட்டம் தட்டாம எடுத்தாங்க. பேட்மன் சொல்றது எனக்கு இன்னைக்கும் உறைக்குது: உழைப்ப மட்டும் தனியா கழட்டி விக்க முடியாது, ஆளும் கூடவேதான் போகணும், அதனால இந்த ஒப்பந்தத்துல ஒரு ஆம்பளைக்கு கிடைக்குறது ஒரு பொண்ணு மேல அதிகாரம். டுவார்கின் தானே இளவயசுல வறுமையில இந்த தொழில் செஞ்சவங்கங்கறது எனக்கு தெரியவே தெரியாது. அத கேட்டப்புறம் "சும்மா ஒழுக்கம் பேசுறாங்க"ன்னு அவங்கள யாரும் ஈஸியா ஒதுக்கிட முடியாது.

ரெண்டாவது வாரம் வரலாறு. 1864ல இங்கிலாந்துல தொற்றுநோய் சட்டம் வருது, ராணுவத்துல பால்வினை நோய குறைக்கணுமாம், அதுக்காக சந்தேகப்பட்ட பொண்ணுங்கள போலீஸ் இழுத்துட்டு போய் கட்டாயமா உடம்ப சோதிக்கலாம், நோய் இருந்தா ஆஸ்பத்திரின்ற பேர்ல அடைச்சு வைக்கலாம், அவங்ககிட்ட போன ஆம்பளைங்கள ஒருத்தரும் தொட மாட்டாங்க. ஜோசஃபின் பட்லர்ங்கற பெண்ணுரிமைப் போராளி வருஷக்கணக்கா போராடி 1886ல அந்த சட்டம் ரத்தாச்சு. இதுவரைக்கும் நானும் படிச்சிருக்கேன். அதே காலத்துல, அதே இயக்கத்தோட அழுத்தமும் சேர்ந்து வந்த 1885 சட்டம், பொண்ணுங்களோட சம்மத வயச 13ல இருந்து 16 ஆக்குன கையோட, இந்த தொழில் நடக்குற விடுதிகள இழுத்து மூடவும் போலீஸுக்கு பலம் குடுத்துச்சு, அந்த பொண்ணுங்க மறுபடி தெருவுக்கு வந்தாங்க. காப்பாத்தக் கிளம்பின கை எப்படி லத்தியா மாறுதுன்னு அன்னைக்கு ராத்திரி ரொம்ப நேரம் யோசிச்சுட்டே இருந்தேன்.

சொல் பத்தின பகுதியும் இதே வாரம்தான், எனக்கு ரொம்ப பிடிச்சது. 1970களோட கடைசியில சான் பிரான்சிஸ்கோல ஒரு பெண்ணிய மாநாட்டுக்கு கரோல் லீ போறாங்க, அவங்களே இந்த தொழில்ல இருந்தவங்க. அங்க ஒரு அமர்வோட தலைப்புல "பயன்படுத்துற தொழில்"ங்கற அர்த்தத்துல போட்டிருக்காங்க. பயன்படுத்துறது ஆம்பளைங்க செய்யுறது, வேலை செய்யுறது நாங்க, அதனால வேலைன்னே எழுதுங்கன்னு கேட்டாங்க. பாலியல் தொழில்னு இன்னைக்கு நாம சொல்ற வார்த்தைக்கு வேர் அதுதான். நம்ம மொழியில விலைமகள், விலைமாதுன்னு எத்தனை சொல் இருக்கு, ஆனா காசு குடுத்து வாங்குற ஆளுக்கு ஒரு வசவு சொல்லு பாப்போம்னா தேட வேண்டியிருக்கு. இவ்ளோ அழகா இத பேசிட்டு இவங்க அனுப்புன பிடிஎஃப்ல பாதி இடத்துல "விபச்சாரம்"னே இருந்துச்சு. அனுப்புறதுக்கு முன்னாடி யாராவது ஒருத்தர் ஒரு தடவை படிச்சிருக்கலாம்.

மூணாவது வாரம் சட்டம். இதுக்காகவே சேரலாம்.

எனக்கு சட்டப்பூர்வமாக்குறதும் குற்றமில்லன்னு ஆக்குறதும் ஒண்ணுன்னுதான் நினைப்பு. ரெண்டும் வேற. ஜெர்மனி 2002ல இத சட்டப்படியான வேலையா ஏத்துக்கிட்டுச்சு, ஆனா 2017ல இருந்து தொழில் செய்யுறவங்க அரசாங்கத்துல பேர பதிவு பண்ணி கார்டு வாங்கி வெச்சிருக்கணும். பேரு வெளிய தெரிஞ்சா வாழ்க்கையே போயிடும்னு பயப்படுற பொண்ணு பதிவு பண்ணுவாளா, அவ சட்டத்துக்கு வெளியவேதான் நிப்பா. நியூசிலாந்து 2003ல வேற வழி எடுத்துச்சு, 60க்கு 59னு ஒரே ஒரு ஓட்டு வித்தியாசத்துல பாஸான சட்டம். குற்றம்ங்கறதையே எடுத்துட்டாங்க, நாலு பேர் வரைக்கும் சேர்ந்து முதலாளி இல்லாம வேலை செய்யலாம், லைசென்ஸ் வேணாம், ஒத்துக்கிட்டப்புறமும் கடைசி நிமிஷத்துல முடியாதுன்னு சொல்ல உரிமை இருக்கு. 2014ல அங்க ஒரு பாலியல் தொழிலாளி, விடுதி நடத்துறவன் தன்கிட்ட பாலியல் ரீதியா தொல்லை குடுத்தான்னு தீர்ப்பாயத்துக்கு போய் ஜெயிச்சு இழப்பீடும் வாங்கியிருக்காங்க. இத கேட்டு நிஜமாவே கண் கலங்கிடுச்சு, ஏன்னா "அவளுக்கு என்ன தொல்லை, அவ தொழிலே அதுதானே"ன்னு கேக்குற வாய நான் எத்தனையோ பாத்திருக்கேன். அதே சட்டத்துல தற்காலிக விசால வந்தவங்க இந்த வேலை செய்யக்கூடாதுன்னு இருக்குங்கறதையும் மறைக்காம சொன்னாங்க, அதுக்கு தனியா ஒரு நன்றி.

அப்புறம் ஸ்வீடன் மாடல், 1999ல ஆரம்பிச்சது, விக்கிறவங்க மேல கேஸ் இல்ல, வாங்குறவன் மேல மட்டும்தான் கேஸ். நான் சேரும்போது மனசுல வெச்சிருந்த தீர்வே இதுதான். நார்வே, பிரான்ஸ், அயர்லாந்துன்னு பல நாடு பின்னாடி போயிருக்கு. ஆனா பேப்பர்ல தப்பிச்ச பொண்ணு நிஜத்துல தப்பிக்கறதில்ல. தொழிலுக்குன்னு தெரிஞ்சும் வீடு வாடகைக்கு விட்டா குற்றம்னு இருந்தா வீட்டுக்காரன் அவளத்தான் வெளிய தள்ளுவான். அயர்லாந்துல 2019ல வெளிநாட்டுல இருந்து வந்த ரெண்டு பொண்ணுங்க, அதுல ஒருத்தங்க கர்ப்பிணி, ஒரே இடத்துல சேர்ந்து தொழில் பண்ணதுக்கு விடுதி நடத்துனதா கேஸாகி ஒம்பது மாசம் ஜெயில் தண்டனை. ஒருத்தருக்கொருத்தர் துணையா இருந்ததுக்குதான் தண்டனைன்னு எனக்கு தோணுச்சு.

நாலாவது வாரம் உழைப்பு பத்தி. 1910லயே எம்மா கோல்ட்மன்ங்கற அமெரிக்க அரசின்மைவாதி இதுக்கு வேர் குறைஞ்ச கூலிதான்னு எழுதியிருக்காங்க, அத வெச்சு நல்லா ஆரம்பிச்சு அப்புறம் கோட்பாட்டுலயே சுத்திட்டு இருந்துட்டாங்க. அஞ்சாவது வாரம் ஆள் கடத்தல். 18 வயசுக்கு கீழன்னா விவாதமே கிடையாதுன்னு முதல் நிமிஷத்துலயே தெளிவா சொல்லிட்டாங்க, அது சரி. ஆனா அஞ்சு வாரமும் "பெண்கள்" "பெண்கள்"னே பேசுனது எனக்கு ஒட்டல. இதே தொழில்ல திருநங்கைகள் இருக்காங்க, ஆம்பளைங்க இருக்காங்க. கேள்வி நேரத்துல கேட்டேன், நேரம் இல்லன்னு பதில் வந்துச்சு.

இப்போ பெரிய குறைக்கு வரேன். தொழில் செய்யுறவங்க பேசுறது ஆறாவது வாரம், அதுவும் கடைசி 25 நிமிஷம்.

ஒரு அக்கா வந்தாங்க, வீடியோ இல்ல, குரல் மட்டும். மூணாவது வாரம் நாப்பது நிமிஷம் ஸ்லைடு போட்டு விளக்குனத அவங்க வந்ததும் வராததுமா சொன்னாங்க. நாங்க ரெண்டு பேர் ஒரே ரூம் எடுப்போம், ஒருத்தி உள்ள இருந்தா இன்னொருத்தி வெளிய காவல், கத்துனா கதவ தட்ட ஒரு ஆள் வேணும்ல, அதுக்குத்தான் எங்க மேல விடுதி நடத்துறோம்னு கேஸ் போட்டாங்க, அப்படின்னாங்க. மீட்குறோம்னு சொல்லி ஒரு இல்லத்துல பூட்டி வெச்சத பத்தி பேச ஆரம்பிச்சாங்க. அங்க குடுத்த தையல் பயிற்சில வர்ற காசு வாடகைக்கே பத்தாதுன்னு சொல்லிட்டு இருக்கும்போதே நடத்துறவங்க டைம் ஆச்சுன்னு நன்றி சொல்லி முடிச்சுட்டாங்க. சாட்ல பத்து பதினஞ்சு கேள்வி அப்படியே நின்னுச்சு.

எனக்கு ரொம்ப கோவம். பட்லர் காலத்துல இருந்து யார் யாரோ அவங்களுக்காக பேசுனத அஞ்சு வாரம் கேட்டிருக்கோம். 1975 ஜூன் 2ல பிரான்ஸ்ல லியோன் நகரத்துல நூறு பேருக்கு மேல ஒரு சர்ச்சுக்குள்ள போய் உக்காந்து, அபராதத்தையும் போலீஸ் கெடுபிடியையும் நிறுத்துங்கன்னு தாங்களே வாய திறந்து கேட்டாங்களே, அந்த நாளத்தான் உலகம் முழுக்க பாலியல் தொழிலாளர் நாளா வெச்சிருக்காங்க, அது இந்த கிளாஸ்ல ஒரே ஒரு ஸ்லைடு. அந்த அக்காவுக்கு பேசுனதுக்கு சம்பளம் குடுத்தீங்களான்னு கேட்டேன், மத்த ஆசிரியர்களுக்கு உண்டு, விருந்தினருக்கு இல்லன்னாங்க. வேலைய வேலைன்னு சொல்ல கத்துக்குடுத்த கிளாஸ் இது.

என் பழைய முடிவு முழுசா போயிடல. ஆம்பள காசு குடுத்து அதிகாரம் வாங்குறான்ங்கறது எனக்கு இன்னும் வலிக்குது. ஆனா அத நிறுத்துறேன்னு எடுத்த சட்டம் வெளிய காவலுக்கு நிக்குற அந்த இன்னொருத்தியத்தான் முதல்ல பிடிக்குதுன்னா அந்த சட்டத்துக்கு இனிமே என்னால கை தூக்க முடியாது.

சேரலாமான்னு கேட்டா, சேருங்க. ரெண்டாவது, மூணாவது வார ரெக்கார்டிங் மட்டும் கிடைச்சாலும் பாருங்க. பிடிஎஃப நம்பி போகாதீங்க. அடுத்த பேட்ச்சுக்கு ஃபீட்பேக் ஃபார்ம்ல ஒண்ணே ஒண்ணு எழுதிக் குடுத்திருக்கேன்: அந்த அக்காவ முதல் வாரமே கூப்பிடுங்க, முழு ரெண்டு மணி நேரமும் அவங்களுக்கு, மத்த ஆசிரியர்களுக்கு குடுக்குற அதே சம்பளத்தோட. இன்னும் பதில் வரல.